கணக்கேடு காத்த வணிகர்: பிரான்செஸ்கோ தத்தீனி

கணக்குப் பதிவியல் வகுப்பில் இருப்பாய்வின் இரு பக்கமும் சமமாகாமற் போகும் நாளில் நம் முகங்களைப் பார்க்கவேண்டும்! எங்கோ ஒரு மூலையில் எட்டு ரூபாய் பதுங்கிக்கொண்டிருக்கும். அதைத் தேடிப் பிடிப்பதற்குள் மணி அடித்துவிடும். இத்தனை சிட்டைகளும் பேரேடுகளும் யாருக்காக என்று சலித்துக்கொள்ளாதவர் நம்மில் யார்? வீட்டிலும் இதே கதைதான். பால் கணக்கும் மளிகைக் கணக்கும் எழுதிய நோட்டு, ஆண்டு முடிந்ததும் பழைய பேப்பர்காரரின் தராசுக்குப் போய்விடுகிறது.

இப்படிச் சலித்துக்கொள்ளும் நமக்கென்றே ஒரு வாழ்க்கை வரலாறு இருக்கிறது. இதற்கு உரியவர் அரசர் அல்லர், புலவர் அல்லர், புனிதரும் அல்லர். ஏறக்குறைய 600 ஆண்டுகளுக்கு முன் இத்தாலியில் வாழ்ந்த ஒரு வணிகர். அவர் காலத்தில் அவரைவிடப் பெரிய செல்வர்கள் இருந்தார்கள். அவர்களுடைய வீடும் கடையும் பெயரும் மண்ணோடு மண்ணாகிவிட்டன. இவரோ இன்றும் உலக வணிக வரலாற்றில் அழியாத இடம் பெற்றிருக்கிறார். காரணம் ஒன்றே ஒன்று: எழுதிய காகிதம் எதையும் அவர் எறியவில்லை. பிராத்தோ நகரத்து பிரான்செஸ்கோ தத்தீனி என்பது அவர் பெயர்.

பெற்றோரை இழந்த சிறுவன்

புளோரன்ஸ் நகரிலிருந்து பத்துப் பன்னிரண்டு மைல் தொலைவில் உள்ள ஊர் பிராத்தோ. கம்பளித் துணி நெய்வதில் அது அன்றே பெயர் பெற்றது. அங்கே சத்திரக்காரர் ஒருவருக்கு கி.பி. 1335-ஆம் ஆண்டையொட்டிப் பிறந்தவர் பிரான்செஸ்கோ. அவருக்குப் பதின்மூன்று வயது நடக்கையில், 1348-இல், கறுப்புச் சாவு என்று வரலாறு கூறும் கொள்ளைநோய் ஐரோப்பாவைச் சூறையாடியது. தந்தை இறந்தார்; தாய் இறந்தார்; உடன்பிறந்தார் இருவரும் இறந்தனர். பிரான்செஸ்கோவும் ஸ்தேபனோ என்னும் தம்பியும் மட்டுமே எஞ்சினர். பியேரா என்ற நல்லுள்ளம் படைத்த பெண்மணி அவ்விருவரையும் தாயைப்போல் வளர்த்தார். பிற்காலத்தில் பெருஞ்செல்வரான போதும் பிரான்செஸ்கோ அந்த அம்மையாரை மறக்கவில்லை.

புளோரன்ஸ் நகரக் கடைகளில் சிறிது காலம் எடுபிடியாக வேலை பார்த்தபோது, அவிஞ்ஞோன் என்ற ஊரின் பெருமை அவர் காதில் விழுந்தது. அந்நாளில் பாப்பரசர் உரோமையில் வாழவில்லை. பிரான்சு நாட்டின் தென்பகுதியில் இருந்த அவிஞ்ஞோனில் வாழ்ந்தார். பாப்பரசரும் கர்தினால்களும் இருந்த ஊரில் பல நாட்டு மக்களும் கூடினர், வணிகம் கொழித்தது. தந்தை விட்டுச் சென்ற நிலத்தில் ஒரு பகுதியை விற்று, அந்தப் பணத்தை முதலாகக் கொண்டு, 1350-இல் பதினைந்து வயதுச் சிறுவன் அவிஞ்ஞோனுக்குப் புறப்பட்டான். இன்று நம் வகுப்பில் இருப்போரின் வயதுதான் அவனுக்கு!

அவிஞ்ஞோனில்

முப்பது ஆண்டுகளுக்கு மேல் அவர் அங்கே வாழ்ந்தார். போர்க்கவசமும் வாளும் விற்றார். பிறகு உப்பு, துணி, நகை, படம், வீட்டுப் பொருள்கள் எனக் கடை விரிந்தது. சண்டையிடும் இரு தரப்பாருக்கும் அவர் ஆயுதம் விற்றிருக்கிறார் என்பதையும் மறைக்காமல் சொல்லவேண்டும். அதை நமக்குச் சொல்வது பகைவர் எவரும் அல்லர். அவருடைய சொந்தக் கணக்கேடுகளே!

1376-இல் மார்கரீத்தா என்ற புளோரன்ஸ் குடும்பத்துப் பெண்ணை மணந்தார். மணமகனுக்கு வயது நாற்பது. மணமகளோ இருபதுகூட நிரம்பாதவள். சில மாதங்களில் பாப்பரசர் மீண்டும் உரோமைக்குத் திரும்பினார். அவிஞ்ஞோனின் களை குறைந்தது. 1383-ஆம் ஆண்டுத் தொடக்கத்தில் தத்தீனி மனைவியோடும் பணியாளரோடும் பிராத்தோ வந்து சேர்ந்தார். சிறு முதலோடு போன சிறுவன் ஊரே வியக்கும் செல்வராகத் திரும்பி, அங்கே ஒரு பெரிய மாளிகையும் கட்டினார்.

ஏடுகளின் அணிவகுப்பு

ஊர் திரும்பியவர் ஓய்ந்து உட்காரவில்லை. பிராத்தோ, புளோரன்ஸ், சாய்ந்த கோபுரத்தால் நாம் அறிந்த பீசா, ஜெனோவா, ஸ்பானிய நாட்டின் பார்சலோனா, வாலென்சியா, மயோர்க்காத் தீவு ஆகிய இடங்களில் அவருடைய வணிக நிலையங்கள் எழுந்தன. அவிஞ்ஞோன் கடையும் தொடர்ந்து நடந்தது. ஒவ்வொன்றும் தனித்தனிக் கூட்டாண்மை. யார் எவ்வளவு முதல் போடுவது, எத்தனை ஆண்டுக்குக் கூட்டு, இலாபத்தில் யாருக்கு என்ன பங்கு என்பதெல்லாம் எழுத்தில் இருந்தாக வேண்டும்.

கடல் கடந்த கடையை எப்படி ஆள்வது? தந்தியில்லை, தொலைபேசியில்லை. கப்பல் போனால் கரை சேருமா என்பதே ஐயம். தத்தீனிக்கு இருந்த ஒரே கருவி எழுத்துத்தான். கிளைத் தலைவர்கள் ஓயாது கடிதம் எழுதவேண்டும். விலைவாசி, வந்த கப்பல், வராத பாக்கி எல்லாவற்றையும் தெரிவிக்கவேண்டும். ஒரு கடிதம் வழியில் தொலைந்தாலும் செய்தி தொலையக்கூடாது என்று ஒரே கடிதத்தைப் பல படிகள் எழுதி வெவ்வேறு ஆள்வழியே அனுப்புவார்கள். வந்த கடிதத்தின் மேற்புறத்தில் எந்த ஊரிலிருந்து எந்த நாளில் வந்தது என்று குறிப்பார்கள். பிறகு நூலில் கோத்துக் கட்டி வைப்பார்கள். நாமும் அலுவலகக் காகிதக் கட்டைக் கோப்பு என்றுதானே அழைக்கிறோம்! கோத்து வைப்பதால் வந்த பெயர் அது. இத்தாலியருக்கும் நமக்கும் இதில் ஒரே எண்ணம் இருந்திருக்கிறது.

கணக்கேடுகளோ பலவகை. அன்றாட நடவடிக்கைகளை மறவாதிருக்கக் குறிக்கும் நினைவேடு ஒன்று. ரொக்கம் வருவதும் போவதும் எழுதும் பணஏடு ஒன்று. சரக்குக்குத் தனி ஏடு. வீட்டுச் செலவுக்குத் தனி ஏடு. எல்லாவற்றையும் ஆள்வாரியாகத் தொகுக்கும் பேரேடு ஒன்று. கூட்டாளிகளின் முதலும் பங்கும் எழுதப்பட்டு, உரியவர் மட்டுமே பார்க்கும் மறை ஏடும் உண்டு. எந்த ஏடு எது என்று குழம்பாதிருக்க அட்டையின் நிறத்தாலும் எழுத்து வரிசையாலும் பெயரிட்டிருந்தார்கள். முதற்பக்கத்தில் இறைவனின் பெயரையும் இலாபத்தின் பெயரையும் சேர்த்தே எழுதித் தொடங்குவது வழக்கம். நம் கடைகளில் புதுக்கணக்குத் தொடங்கும்போது மேலே பிள்ளையார் சுழியோ சிலுவைக் குறியோ இட்டு ‘இலாபம்’ என்று எழுதுகிறார்களே, அதுபோலத்தான்.

தொடக்கத்தில் அவிஞ்ஞோன் ஏடுகள் சாதாரணக் குறிப்புகளாகவே இருந்தன. 1390-களில் வந்த ஏடுகளிலோ நாம் இன்று படிக்கும் இரட்டைப் பதிவு முறை தெளிவாகத் தெரிகிறது. ஒவ்வொரு நடவடிக்கையும் இரண்டு இடத்தில் விழுகிறது. ஒருவர் பற்று மற்றொருவர் வரவு. பார்சலோனா நிலையத்தின் 1399 சனவரி 31-ஆம் நாள் ஐந்தொகை அறிஞர்களிடையே மிகவும் பெயர் பெற்றது. இனிமேல் கட்டவேண்டியிருக்கும் வரிக்காக ஒரு தொகையை முன்கூட்டியே ஒதுக்கியிருக்கிறார்கள். நமது பாடநூலில் ‘ஒதுக்கு’ என்று நாம் மனப்பாடம் செய்வதை அவர்கள் அன்றே செய்து வைத்திருக்கிறார்கள்! இம்முறையை விளக்கி லூக்கா பச்சோலி என்ற பிரான்சிஸ்கன் துறவி வெனிஸ் நகரில் நூல் அச்சிட்டது 1494-இல்தான். தத்தீனி இம்முறையைக் கண்டுபிடித்தவர் அல்லர்; நூல் வருவதற்கு நூறாண்டுக்கு முன்பே அதை நாள்தோறும் கையாண்டவர்.

ஒரு மூட்டைக் கம்பளியின் கதை

ஏடு எழுதுவதால் என்ன தெரியும் என்பதற்கு ஒரு சான்று காண்போம். 1394 நவம்பரில் மயோர்க்காத் தீவுக்கு ஆட்டுமயிர் வேண்டும் என்று கடிதம் போகிறது. அடுத்த ஆண்டு மே மாதத்தில்தான் ஆடுகளுக்கு மயிர் கத்தரிக்கிறார்கள். புயலால் கப்பல் தாமதம். பார்சலோனா வழியாகப் பீசாவின் துறைமுகம் வந்த சரக்கு 39 பொதிகளாகப் பிரிக்கப்பட்டு, 18 பொதிகள் 1396 சனவரியில் பிராத்தோ வந்து சேர்கின்றன. பிறகு அடித்து, பொறுக்கி, கழுவி, சிக்கெடுத்து, நூற்று, நெய்து, நீலச்சாயம் தோய்த்து, அழுத்தி மடிக்க ஆறு மாதத்துக்குமேல் ஆகிறது. நூற்பதற்கு மட்டும் 96 பெண்கள். அவரவர் குடிசையில் இருந்தபடியே நூற்றுக் கொடுத்தவர்கள் அவர்கள்.

ஆறு துணிகள் உருவாயின. அவை மலையைக் கடந்து வெனிஸ் சென்று, கப்பலேறி மீண்டும் மயோர்க்காவுக்கே போயின. அங்கே சந்தை மந்தம். வாலென்சியாவுக்கும் வட ஆப்பிரிக்கக் கரைக்கும் அனுப்பிச் சிலவற்றை விற்று, மிஞ்சியதை மயோர்க்காவில் விற்று முடித்தது 1398-இல்! மூன்றரை ஆண்டு உழைப்புக்குக் கிடைத்த இலாபம் நூற்றுக்கு ஒன்பதுகூட இல்லை. அன்றன்று எழுதி வைக்காதிருந்தால், கழுவுகூலி எவ்வளவு, சாயக்கூலி எவ்வளவு, சுங்கம் எவ்வளவு என்று யாருக்கு நினைவிருக்கும்? இலாபமா நட்டமா என்பதே தெரிந்திராது. நினைவு மறக்கும், ஏடு மறக்காது.

மார்கரீத்தா அம்மையார்

கணவர் பெரும்பாலும் புளோரன்ஸ் கடையில். மனைவி பிராத்தோ மாளிகையில். வீட்டுப் பொறுப்பும் வேலையாட்களை நடத்துவதும் பணம் பெற்று அனுப்புவதும் அம்மையாரின் கையில். இருவரையும் இணைத்ததும் கடிதமே. மார்கரீத்தா முதலில் எழுதத் தெரியாமல் பிறரிடம் சொல்லி எழுதுவித்தார். தம் மனத்தில் உள்ளதை இன்னொருவர் காதில் போட்டுத்தானே கணவருக்கு அனுப்பவேண்டியிருக்கிறது என்ற குறை அவரை உறுத்தியிருக்கவேண்டும். முப்பது வயது கடந்த பிறகு எழுதக் கற்றுக்கொண்டார். குடும்ப நண்பரும் பத்திரம் எழுதும் அதிகாரியுமான லாப்போ மாத்ஸேயி அவரை ஊக்கினார். அம்மையாரின் கடிதங்கள் இன்று ஏறத்தாழ 250 கிடைத்துள்ளன. அவற்றிற் சில அவர் தம் கையாலேயே எழுதியவை. கணவர் அளவுக்கு மீறி வேலை செய்வதையும், உறக்கத்தைக் கெடுத்துக்கொள்வதையும் அவற்றில் அஞ்சாமல் கண்டித்திருக்கிறார்.

அவர்களுக்குப் பிள்ளைப்பேறு வாய்க்கவில்லை. ஆனால் அந்த வீட்டில் வேலை செய்த லூச்சியா என்னும் அடிமைப்பெண்ணிடம் தத்தீனிக்கு 1392-இல் ஒரு பெண் மகவு பிறந்தது. அந்நாளில் மனிதரை விலைக்கு வாங்கும் கொடுமை இத்தாலியச் செல்வர் வீடுகளில் இருந்தது. துணியின் விலையைப்போலவே அடிமைகளின் விலையும் வணிகர் ஏடுகளில் காணப்படுகிறது. படிக்கும்போது நம் நெஞ்சு சுடுகிறது. ஆயினும், எழுதப்படாமல் போயிருந்தால் அக்கொடுமைக்குச் சாட்சியும் இல்லாமல் போயிருக்கும். லூச்சியாவின் மனம் என்ன பாடுபட்டது என்பதற்கு மட்டும் எந்த ஏட்டிலும் பதிவில்லை.

ஜினெவ்ரா என்ற அக்குழந்தையை மார்கரீத்தா தம் மகளாகவே வளர்த்தார். இது எளிய செயலன்று. சிறுமிக்கு வாசிக்கக் கற்றுக்கொடுத்த பெண்மணிக்குக் கொடுத்த ஊதியமும் வீட்டுக் கணக்கில் பதிந்திருக்கிறது. 1407-இல் ஆயிரம் பொன் நாணயம் சீதனம் கொடுத்து அவளுக்குத் திருமணம் செய்துவைத்தார்கள்.

பார்க்கப்படாத கணக்கு

இவ்வளவு கணக்கெழுதியவருக்கு மன அமைதி இருந்ததா? இல்லை. கப்பலை நினைத்துக் கவலை. கூட்டாளியை நினைத்துக் கவலை. வரியை நினைத்துக் கவலை. இரவில் வெகுநேரம் விழித்து எழுதினார். சிறு பிழைக்கும் பணியாளரைக் கடிந்தார். நண்பர் லாப்போ அவருக்கு எழுதிய கடிதங்கள் ஏறத்தாழ 400. கடைக் கணக்கை நாள்தோறும் பார்க்கிறவர் தம் ஆன்மாவின் கணக்கை எப்போது பார்ப்பார் என்பதே அந்தக் கடிதங்களில் திரும்பத் திரும்ப வரும் கேள்வி.

1399-இல் வெள்ளை உடுத்தி, வெறுங்காலுடன் ஊர் ஊராகச் செல்லும் தவ யாத்திரை இத்தாலியெங்கும் நடந்தது. தத்தீனியும் தம் ஆட்களோடு அதிற் சேர்ந்து நடந்தார். அப்போதும் பழக்கம் விடவில்லை! உடன் எடுத்துச் சென்ற பாலாடைக்கட்டி, ரொட்டி, மெழுகுதிரி முதலியவற்றையும் ஒழுங்காகக் குறித்து வைத்தார்.

அடுத்த ஆண்டே கொள்ளைநோய் மீண்டும் வந்தது. குடும்பத்தோடு பொலோஞ்ஞா நகருக்குச் சென்று உயிர் தப்பினார். கூட்டாளிகள் பலர் மடிந்தனர். தொழில்கள் சில மூடப்பட்டன. சிறுவயதில் தாய்தந்தையரைக் கொண்டுபோன அதே நோய் முதுமையிலும் வந்து அவர் கதவைத் தட்டியது. சேர்த்தது யாருக்காக என்ற கேள்வி இனியும் தள்ளிப்போடக் கூடியதாக இல்லை.

1410-ஆம் ஆண்டு ஆகஸ்டு 16-ஆம் நாள் அவர் காலமானார். அதற்குமுன் லாப்போவைக் கொண்டு உயில் எழுதுவித்திருந்தார். ஏறத்தாழ 70,000 பொன் நாணயம் பெறுமான சொத்து பிராத்தோ நகரத்து ஏழைகளுக்கென ஓர் அறநிலையமாக ஆயிற்று. கைவிடப்பட்ட குழந்தைகளுக்குப் புளோரன்சில் ஓர் இல்லம் அமைய ஆயிரம் பொன் நாணயம் எழுதி வைத்தார். தம் கடிதங்களும் கணக்கேடுகளும் தம் மாளிகையில் சேர்த்துக் காக்கப்படவேண்டும் என்றும் விதித்தார்.

இதில் நாம் கவனிக்கவேண்டியது ஒன்று உண்டு. பல நாடுகளில் பரந்து கிடந்த சொத்தை ஏழைகளின் பெயரில் திரட்டுவது எப்படி? யாரிடம் எவ்வளவு பாக்கி, எந்தக் கூட்டில் எவ்வளவு பங்கு என்பது ஏட்டில் இருந்ததனால் அல்லவா முடிந்தது? ஏடு இல்லாதிருந்தால் கடன்பட்டவர் கைவிரித்திருப்பார். ஏழைகளுக்குச் சேரவேண்டியது ஏமாற்றுவோர் பையில் சேர்ந்திருக்கும். நல்ல எண்ணம் மட்டும் தருமம் செய்துவிடாது. அதற்குச் சரியான கணக்கும் வேண்டும்.

மாடிப்படிக்குக் கீழே

காலம் உருண்டது. தத்தீனியின் காகிதங்கள் மறந்துபோயின. 1870-இல், அவர் மாளிகையின் மாடிப்படிக்குக் கீழே இருந்த ஓர் இடுக்கில் சாக்குச் சாக்காக அவை கண்டெடுக்கப்பட்டன. எலியும் பூச்சியும் தின்றவை போக எஞ்சியவையே மலைக்கவைத்தன. ஏறத்தாழ 1,50,000 கடிதங்கள். 500-க்கும் மேற்பட்ட கணக்கேடுகள். 300 கூட்டாண்மை ஒப்பந்தங்கள். 400 காப்பீட்டுச் சீட்டுகள். இவற்றோடு மாற்றுச் சீட்டுகளும் காசோலைகளும் ஆயிரக்கணக்கில். மத்திய காலத்து வணிகர் ஒருவரின் காகிதங்கள் இவ்வளவு நிறைவாக வேறெங்கும் கிடைக்கவில்லை. இவற்றை ஆதாரமாகக் கொண்டு ஐரிஸ் ஒரிகோ என்ற பெண் எழுத்தாளர் 1957-இல் வெளியிட்ட தத்தீனியின் வரலாறு உலகப் புகழ் பெற்றது. அந்த மாளிகை இன்று பிராத்தோ அரசு ஆவணக் காப்பகமாக விளங்குகிறது.

முதற் பெயர்

குழந்தைகளுக்கென எழுதி வைத்த ஆயிரம் பொன் என்னவாயிற்று? 1419-இல் புருனெல்லெஸ்கி என்ற பெருஞ்சிற்பியின் திட்டப்படி புளோரன்சில் மாசற்றோர் இல்லம் எழத் தொடங்கியது. பட்டு வணிகர் சங்கம் அப்பணியை ஏற்று நடத்தியது. 1445 பிப்ரவரி 5-ஆம் நாள் அங்கே முதற்குழந்தை வந்து சேர்ந்தது. அது ஒரு பெண் குழந்தை. அன்று புனித ஆகத்தாவின் திருநாள். ஆகவே குழந்தைக்கும் ஆகத்தா என்றே பெயரிட்டனர்.

கைவிடப்பட்ட ஒரு சின்னஞ்சிறு குழந்தையின் பெயரும், அவள் வந்த நாளும் ஏறக்குறைய 580 ஆண்டுகளுக்குப் பின் நமக்கு எப்படித் தெரிகின்றன? யாரோ ஒருவர் அன்றைக்கே ஏட்டைத் திறந்து, மை தொட்டு, அவளைப் பதிந்து வைத்தார். பெற்றோரை இழந்த ஒரு சிறுவன் வளர்ந்து, நாணயங்களை எண்ணி எழுதினான். அவன் விட்டுச் சென்ற பொன்னால் தொடங்கிய இல்லத்தில் குழந்தைகளை எண்ணி எழுதினார்கள். கணக்கேடு தன் மிக உயர்ந்த வேலையைச் செய்தது அங்கேதான்.

தோழியரே, நாளை நம்மில் ஒருத்தி வங்கியில் அமரலாம். ஒருத்தி கடை நடத்தலாம். ஒருத்தி மருத்துவமனையின் பதிவேட்டைப் பார்க்கலாம். இன்னொருத்தி வீட்டுக் கணக்கு மட்டுமே எழுதலாம். எங்கிருந்தாலும் அன்றைய கணக்கை அன்றே எழுதுவோம், நமக்குச் சாதகமில்லாததையும் விடாது எழுதுவோம், எழுதியதைக் காப்போம். இருப்பாய்வில் பதுங்கியிருக்கும் அந்த எட்டு ரூபாயைத் தேடி இனி நாம் சலித்துக்கொள்ள மாட்டோம். அது யாரோ ஒருவருக்குச் சேரவேண்டிய எட்டு ரூபாய் அல்லவா?